வாழிய எங்கள் பொருளாளர்!

அமெரிக்கத் தமிழர்களுக்குள் ஊர்ப்பெருமைப் போட்டி ஒன்று ஓயாமல் நடக்கிறது. பே ஏரியாக்காரர் வேலை பார்க்கும் கம்பெனியின் பேரில் தொடங்கி வீட்டு விலையில் முடிப்பார். டெக்ஸாஸ்காரருக்கு மாநில வருமான வரி கிடையாது; அதை நமக்கு ஒரு தடவை ஞாபகப்படுத்தாமல் அவரால் கல்யாண விருந்தில் பாயசம் குடிக்க முடியாது. நியூ ஜெர்சிக்காரர் முறை வரும்போது மட்டும் நாம் ஓக் ட்ரீ ரோட்டில் தோசை நன்றாக இருக்கும் என்று சொல்லிவிட்டுத் தலையைக் குனிந்துகொள்கிறோம்.

இந்தத் தாழ்வு மனப்பான்மைக்குக் காரணம் நம் அறியாமைதான். நம் மாநிலத்துக்கு ஸ்தாபகர் என்று ஒருவர் உண்டு. டர்ன்பைக்கில் 12ஆம் எக்ஸிட்டில் 'கார்ட்டரெட்' என்று பலகை தொங்குகிறதே, அது அவர் பெயர். இன்னும் கொஞ்சம் வடக்கே போனால் வருகிற எலிசபெத் நகரம் அவர் மனைவியின் பெயர். ஜெர்சி, அவர் பிறந்த தீவு. ஆக, மாநிலமே அவர் குடும்ப அட்டை மாதிரிதான். இத்தனைக்கும் சர் ஜார்ஜ் கார்ட்டரெட் ஐயா ஒரே ஒரு நாள்கூட அமெரிக்க மண்ணில் கால் வைத்தவரல்ல. நாம் எச்1பி குலுக்கலில் பெயர் விழுமா என்று காத்திருந்து, விழுந்தபின் கிரீன் கார்டு வரிசையில் முடி நரைத்து, கடைசியில் முக்கால் ஏக்கர் மனைக்கு முப்பது வருஷக் கடன் கட்டுகிறோம். ஐயா லண்டனில் உட்கார்ந்த இடத்திலேயே ஒரு மாநிலத்தை வாங்கினார். இவரை நாம் குலதெய்வமாகக் கொண்டாட வேண்டாமா?

அவர் பிறந்தது 1610ஐ ஒட்டி, இங்கிலாந்துக்கும் பிரான்ஸுக்கும் நடுவே கிடக்கும் ஜெர்சி தீவில். வீட்டு மொழி பிரெஞ்சு வகை. சின்ன வயதிலேயே கப்பலேறிவிட்டதால் படிப்பு அவரை அதிகம் தொந்தரவு செய்யவில்லை. ஆங்கிலம் கடைசிவரை தடுமாற்றம்; கவிஞர் ஆண்ட்ரூ மார்வெல் அதைக் கேலி செய்து எழுதுமளவுக்குப் பிரசித்தி. 1663இல் ஒருநாள், எஸ்.பி.க்யூ.ஆர். என்ற நாலெழுத்துக்கு என்ன அர்த்தம் என்று தன் கடற்படை அலுவலகச் சகாவான சாமுவேல் பீப்ஸிடம் கேட்டிருக்கிறார். ரோமாபுரி செனட்டும் மக்களும் என்பதன் சுருக்கம் அது. பள்ளிக்கூடப் பையனாயிருந்தால் பிரம்படி வாங்கியிருப்பான் என்று பீப்ஸ் அன்றிரவு டைரியில் எழுதிவைத்துவிட்டார். பீப்ஸுக்குப் பொறாமை. செனட், மக்கள் என்கிற சங்கதிகளை அறியாமலே ஒருவர் அமைச்சரவையில் இருக்க முடியும் என்பதைக் காட்டியவர் அல்லவா ஐயா! நம் உச்சரிப்பைக் கேட்டு மீட்டிங்கில் யாராவது புருவத்தைத் தூக்கினால், இனி கார்ட்டரெட் ஐயாவை நினைத்துக்கொள்ளுங்கள்.

இளைஞராக இருந்தபோது அவர் செய்த வீரச்செயல் ஒன்று உண்டு. 1637இல் மொராக்கோவின் சலே துறைமுகத்துக்குப் படையோடு போனார். அங்கே கடற்கொள்ளையர் கிறிஸ்தவக் கப்பல்களைப் பிடித்து, அதில் இருந்தவர்களை அடிமைகளாக விற்றுக்கொண்டிருந்தார்கள். அந்தப் பயணம் நூற்றுக்கணக்கானவர்களை மீட்டுக்கொண்டு வந்தது. விலங்கு பூட்டிய மனிதன் எப்படி இருப்பான் என்பதைக் கண்ணால் பார்த்துக் கரைந்த நெஞ்சம் அது. பார்த்ததை அவர் மறக்கவுமில்லை. 1663இல் ஆப்பிரிக்காவோடு வாணிபம் செய்ய அரச கம்பெனி சாசனம் பெற்றபோது, அடிமை வியாபாரத்தைச் சரக்குகளில் ஒன்றாகக் கொண்ட அந்தக் கம்பெனியில் ஐயாவின் பெயரும் இருந்தது. ஒரு தொழிலின் நெளிவுசுளிவுகளை முதலில் எதிர்த்தரப்பிலிருந்து கற்றுக்கொண்டு பிறகு முதல் போடுகிறவரைத்தானே நாம் தொழில்முனைவர் என்கிறோம்.

1642இல் உள்நாட்டுப் போர் மூண்டது. ஒரு பக்கம் ராஜா முதலாம் சார்லஸ், மறுபக்கம் நாடாளுமன்றம். ஐயா ராஜா பக்கம். 1643இல் மாமனார் சர் பிலிப் காலமாக, ஜெர்சி தீவின் நிர்வாகம் இவர் கைக்கு வந்தது. (மனைவி எலிசபெத் இவருக்குச் சித்தப்பா, பெரியப்பா வகையில் உறவுமுறைப் பெண். சொத்து வெளியே போகக்கூடாது என்ற ஞானம் நம் ஊருக்கு மட்டும் சொந்தமானதல்ல.) அங்கிருந்து கப்பல்களை விட்டு நாடாளுமன்றத்தாரின் சரக்குகளை மடக்கிப் பிடித்தார். ராஜா அவருக்கு வைஸ் அட்மிரல் என்று பட்டம் கொடுத்தார். நாடாளுமன்றம் கடற்கொள்ளையன் என்று பெயர் வைத்தது. இரண்டு பெயருக்கும் செய்த வேலை ஒன்றுதான்.

1649 ஜனவரியில் ராஜாவின் தலையை வெட்டினார்கள். அடுத்த மாதமே ஜெர்சியில் இரண்டாம் சார்லஸை ராஜா என்று பிரகடனம் செய்தார் ஐயா. அந்தச் சார்லஸுக்கு அப்போது நாடு கிடையாது, படை கிடையாது, கையில் சில்லறையும் கிடையாது. அந்த ஆண்டின் பிற்பகுதியில் ஐயாவின் தீவுக்கு வந்து விருந்தாளியாகச் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். சாப்பிட்டதற்கு நன்றியாக அவர் என்ன கொடுத்தார் தெரியுமா? வர்ஜீனியாக் கரையோரத்தில் நிலம். அது அப்போது சார்லஸ் கையில் இல்லை. இங்கிலாந்தே இல்லை, வர்ஜீனியா எங்கிருந்து இருக்கும்? ஐயா சளைக்காமல் வாங்கிக்கொண்டார். அதற்கு நியூ ஜெர்சி என்று பெயரும் வைத்து, ஆட்களை ஏற்றிக் கப்பலும் அனுப்பினார். நாடாளுமன்றத்தார் வழியிலேயே பிடித்துவிட்டார்கள். திட்டம் கவிழ்ந்தாலும் ஒரு பாடம் கிடைத்தது: கொடுக்கிறவரிடம் பட்டா இருக்கிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தால் காரியம் நடக்காது.

1651 டிசம்பரில் ஜெர்சியின் எலிசபெத் கோட்டை வீழ்ந்தது. ஐயா பிரான்ஸுக்குப் போனார், அங்கே கடற்படையில் வேலை பார்த்தார், 1657இல் பாஸ்டில் சிறையிலும் இருந்துவிட்டு வந்தார். விசுவாசத்துக்காகச் சிறை சென்ற செம்மல்! சிறை சென்றவருக்கு ஆட்சி மாறியதும் வாரியத் தலைவர் பதவி தரும் நடைமுறை எங்கே தொடங்கியது என்று தெரியவில்லை; ஆனால் 1660இல் சார்லஸ் அரியணை ஏறியதும் ஐயாவுக்கு வந்து சேர்ந்த பட்டியல் எந்தத் தமிழ்நாட்டு விசுவாசியையும் ஏக்கப்பெருமூச்சு விடவைக்கும். அரண்மனையில் வைஸ் சேம்பர்லேன். அரசரின் ஆலோசனைக் குழுவில் உறுப்பினர். கடற்படைக்குப் பொருளாளர். அடுத்த ஆண்டு போர்ட்ஸ்மத் துறைமுகத் தொகுதியின் நாடாளுமன்ற உறுப்பினர். கொள்ளைக்காரன் என்று எந்த நாடாளுமன்றம் சொன்னதோ, அதே நாடாளுமன்றத்தின் பெஞ்சில் போய் உட்கார்ந்தார். ஜனநாயகத்தின் மன்னிக்கும் குணம் அப்படி. இரண்டு வருஷம் கழித்து, 1663இல், கரோலினாவுக்கு எட்டு உரிமையாளர்களில் ஒருவர் என்ற பதவியும் கிடைத்தது. பட்டியலில் இடம் போதாததால் அதைப் பற்றி நான் அதிகம் சொல்லவில்லை.

கடற்படைப் பொருளாளர் வேலை எப்படிப்பட்டது என்பதை மட்டும் கொஞ்சம் நிதானமாகப் பார்க்கத்தான் வேண்டும். இன்றைக்கு மாதிரி அரசு வங்கிக் கணக்கிலிருந்து நேரே பில்லுக்குப் பணம் போகாது. கஜானாவிலிருந்து வரும் பணம் பொருளாளரின் கைக்கு வரும். அவர் கையிலிருந்து கயிறு விற்றவனுக்கும், தார் விற்றவனுக்கும், மாட்டிறைச்சி உப்புப்போட்டு விற்றவனுக்கும், கடைசியாக மாலுமிக்கும் போகும். போகும் வழியில் பவுண்டுக்கு மூன்று பென்னி பொருளாளருக்கு. அன்றைய கணக்கில் பவுண்டுக்கு 240 பென்னி. ஆக, நூற்றுக்கு ஒன்றேகால். கமிஷன் சதவீதத்தைக் கேட்டு ஏமாற்றமடையாதீர்கள். ஒரு லட்சம் பவுண்டு கைமாறினால் 1,250 பவுண்டு ஐயாவுக்கு. டச்சுக்காரர்களோடு போர் வந்தது. நாடாளுமன்றம் அதற்கென்று இருபத்தைந்து லட்சம் பவுண்டு ஒதுக்கியது. போர் எவ்வளவு பெரிதோ அவ்வளவு தேசபக்தி பொருளாளருக்குப் பெருகும் என்ற ஏற்பாடு இது. பணம் வராத காலத்தில் ஐயா தன் நாணயத்தின் பேரில் கடன் வாங்கிக் கடற்படைக்குக் கொடுத்தார் என்பதையும் சொல்லிவிடுகிறேன். தன் பணம் எது, அரசுப் பணம் எது என்று பேதம் பார்க்காத பெருந்தன்மை இரண்டு திசையிலும் ஓடியது.

பணம் தட்டுப்பாடாகும்போது முதலில் யாருக்கு நிறுத்துவது? கயிறுக்காரன் அடுத்த முறை கயிறு தர மாட்டான். இறைச்சிக்காரன் இறைச்சி தர மாட்டான். மாலுமி ஒருவன்தான் எங்கும் போக முடியாதவன்; தெருவில் பிடித்துத்தான் அவனைக் கப்பலேற்றியிருக்கிறார்கள். ஆகவே மாலுமிக்குச் சம்பளத்துக்குப் பதில் 'டிக்கெட்' கொடுத்தார்கள். இந்தக் கப்பலில், இத்தனை மாதம் இவன் வேலை பார்த்தான் என்று எழுதிய சீட்டு. லண்டனில் கொண்டுபோய்க் காட்டினால் பணம் வரும். எப்போது என்று மட்டும் கேட்கக்கூடாது. பசிக்கிறவனுக்குக் காத்திருக்க முடியாது. தரகனிடம் குறைந்த விலைக்கு விற்றுவிட்டு ரொட்டி வாங்கினான். ஒரு புதிய நிதிச்சந்தையே உருவாயிற்று என்று சொன்னால் நியூயார்க்கில் வால் ஸ்ட்ரீட்டில் வேலை பார்க்கும் நம் பிள்ளைகளுக்குப் புரியும்.

1666 ஜூலையில் மாலுமிகளின் மனைவிமார் கடற்படை அலுவலக முற்றத்தில் கூடிவிட்டார்கள். முந்நூறு பேருக்கு மேல் இருக்கும் என்கிறார் பீப்ஸ். புருஷன் ஹாலந்தில் கைதியாகக் கிடக்கிறான், வீட்டில் பிள்ளைகள் பட்டினி, கொடுக்கவேண்டியதைக் கொடுங்கள் என்று ஒரே கூச்சலும் சாபமும். உள்ளே பீப்ஸுக்கு வேறொரு கவலை. ராத்திரிச் சாப்பாட்டுக்கு மான்கறிப் பணியாரம் ஒன்று தயாராயிருந்தது. அதைச் சமையல்கடை அடுப்புக்குச் சுடக் கொண்டுபோக வேண்டுமானால் அந்த முற்றத்தின் வழியாகத்தான் போக வேண்டும். பெண்கள் பறித்துவிட்டால்? அனுப்பித்தான் பார்த்தார். ஒன்றும் ஆகவில்லை. அந்தப் பணியாரம் பத்திரமாகப் போய்ப் பத்திரமாகத் திரும்பியது. பட்டினி கிடந்த முந்நூறு பெண்கள் ஒரு பணியாரத்தைத் தொடாமல் விட்டார்கள். அவ்வளவு ஒழுக்கமான மக்களைத்தான் ஐயாவின் நிர்வாகம் உருவாக்கி வைத்திருந்தது.

ஐயா இதற்கெல்லாம் மனம் தளர்கிறவரல்ல. முந்தைய வருஷம், 1665 ஜூலையில், லண்டனில் பிளேக் நோய் வாரத்துக்கு ஆயிரம் பேருக்கு மேல் வாரிக்கொண்டுபோனபோது, அவர் குடும்பத்தில் கல்யாணம் நடந்தது. மகன் பிலிப்புக்கும் கடற்படைத் தளபதி சாண்ட்விச் பிரபுவின் மகள் ஜெமைமாவுக்கும். பொருளாளரும் தளபதியும் சம்பந்திகள்! செலவு செய்கிறவரும் கணக்கு வைக்கிறவரும் ஒரே பந்தியில் உட்கார்ந்தால் தணிக்கைக்கு வேலை மிச்சம். தரகர் வேலை பார்த்தவர் பீப்ஸ்தான். மாப்பிள்ளை மகா கூச்சக்காரன். பெண்ணின் கையை எப்படிப் பிடித்து அழைத்துப்போக வேண்டும் என்பதிலிருந்து பீப்ஸ் சொல்லிக்கொடுக்க வேண்டியிருந்தது. முகூர்த்தத்துக்கு ஐயாவும் அம்மாவும் பீப்ஸும் போய்ச் சேர முடியவில்லை. படகுத்துறையில் நீர் வற்றிப்போய்ச் சிக்கிக்கொண்டார்கள். தாலி கட்டி முடிந்த மாதிரி, தேவாலயத்திலிருந்து எல்லாரும் திரும்பும்போதுதான் போய்ச் சேர்ந்தார்கள். இங்கிலாந்தின் மொத்தக் கடற்படைக்கும் சம்பளம் கொடுக்கிறவருக்கு ஒரு படகு கிடைக்கவில்லை. (அந்த மாப்பிள்ளையும் மாமனாரும் 1672இல் சோல்பே கடற்போரில் ஒரே கப்பலில் ஒன்றாகச் செத்தார்கள். இந்த இடத்தில் எனக்கே பேனா ஓடவில்லை.)

1667 ஜூனில் டச்சுக்காரர்கள் மெட்வே நதிக்குள் புகுந்து, நின்றிருந்த கப்பல்களை எரித்தார்கள். சார்லஸ் ராஜா நாடு திரும்பிய அதே கப்பலான 'ராயல் சார்லஸை'க் கயிறு கட்டி இழுத்துப்போனார்கள்; அதன் பின்புற அலங்காரப் பலகை இன்றும் ஆம்ஸ்டர்டாம் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. டச்சுக் கப்பல்களின் மேல்தளத்தில் ஆங்கிலக் குரல்கள் கேட்டன. இதுவரை டிக்கெட்டுக்குச் சண்டை போட்டோம், இப்போது டாலருக்குப் போடுகிறோம் என்று கத்தினார்களாம். டாலருக்காகக் கப்பல் மாறியவர்களை நியூ ஜெர்சித் தமிழர் யாரும் குறை சொல்ல மாட்டார்கள் என்பது என் நம்பிக்கை. அந்தக் கோடையிலேயே ஐயா பொருளாளர் பதவியை ஆங்கிள்ஸி பிரபுவிடம் கொடுத்துவிட்டு, அவருடைய அயர்லாந்து துணைப்பொருளாளர் பதவியை மாற்றாக வாங்கிக்கொண்டார். காலம் அறிந்து நடக்கச் சொன்ன வள்ளுவர் இருந்திருந்தால் எழுந்து நின்றிருப்பார்.

பிறகு விசாரணைக் கமிஷன் வந்தது. போர்ச் செலவுக் கணக்கைத் தோண்டிய அந்தக் குழு 1669இல் அறிக்கை கொடுத்தது. பொதுச்சபை ஐயாவைக் குற்றமிழைத்தவர் என்று தீர்மானித்து, சொற்ப ஓட்டு வித்தியாசத்தில் சபையிலிருந்து இடைநீக்கம் செய்தது. பிரபுக்கள் சபைக் குழுவுக்கோ குற்றம் எதுவும் தென்படவில்லை. ராஜா என்ன செய்தார்? சபையையே ஒத்திவைத்தார். கணக்கு அத்தோடு சரியாகிவிட்டது. 1673இல் ஐயாவைக் கடற்படை ஆணையத்தில் உறுப்பினராக்கினார்கள். கோழி எண்ணிக்கை பற்றிப் புகார் வந்த நரியைக் கூண்டுக்கே பொறுப்பாக்கியதாக அக்காலத்து வயிற்றெரிச்சல்காரர் சிலர் சொல்லியிருக்கக்கூடும். நாம் அப்படிச் சொல்ல மாட்டோம். அனுபவத்துக்கு மரியாதை என்று சொல்வோம்.

நம் மாநிலத்துக்கு வருவோம். 1664 மார்ச்சில் ராஜா சார்லஸ் தன் தம்பி யார்க் பிரபு ஜேம்ஸுக்கு அமெரிக்கக் கிழக்குக் கரையில் ஒரு பெரும் பரப்பை எழுதிக்கொடுத்தார். வருஷத்துக்கு நாற்பது பீவர் தோல் கொடுத்தால் போதும். அதில் ஹட்சன் நதிக்கும் டெலவர் நதிக்கும் இடைப்பட்ட நிலத்தை ஜூன் மாதம் 23, 24 தேதிகளில் ஜேம்ஸ், கார்ட்டரெட் ஐயாவுக்கும் ஜான் பெர்க்லி பிரபுவுக்கும் எழுதிக்கொடுத்தார். பெர்க்லியும் அரண்மனை ஆள்தான், வீரப்பிரதாபம் பேசுவதில் வல்லவர். அவருக்கு இதற்குமேல் வரி ஒதுக்கத் தேவையில்லை. முதல் நாள் குத்தகைப் பத்திரத்தில் விலை பத்து ஷில்லிங், வாடகை ஒரு மிளகு. ஆமாம், ஒரே ஒரு மிளகு, அதுவும் கேட்டால்தான். நம் வீட்டு ரசத்துக்கு எண்ணாமல் போடுகிற மிளகில் ஒன்று கொடுத்து ஐயா, ட்ரென்டனும் நெவார்க்கும் எடிசனும் பின்னால் முளைத்த நிலத்தை வாங்கினார். பைத்தியக்காரத்தனமாகப் பேரம் பேசத் தெரியாத நாம்தான் நாலு லட்சத்து எண்பதாயிரம் என்றால் நாலு எழுபத்தைந்துக்குக் கேட்டு நிற்கிறோம்.

அந்த ஜூன் மாதத்தில் நிலம் யார் கையில் இருந்தது? டச்சுக்காரர் கையில். பிடிக்கப்போன கர்னல் நிக்கல்ஸின் கப்பல்கள் அட்லாண்டிக்கில் போய்க்கொண்டிருந்தன. இரண்டு மாதம் கழித்துத்தான் நியூ ஆம்ஸ்டர்டாம் சரணடைந்தது. டச்சுக்காரருக்கும் முன்னால் அது லெனாப்பே மக்களின் மண் என்பதை இந்தப் பத்திரம் எழுதியவர்களிடம் யாரும் சொல்லவில்லை. வர்ஜீனியா நிலத்தில் கற்ற பாடம் இந்த முறை பலித்தது.

நிக்கல்ஸ் பாவம், போர் முடித்த கையோடு, இந்த ஏற்பாடெல்லாம் தெரியாமல், அதே நிலத்தைத் தன் பங்குக்குக் குடியேற்றக்காரர்களுக்கு எழுதிக்கொடுத்துவிட்டார். லாங் ஐலண்டிலிருந்து வந்த கூட்டம் ஒன்று 1664 அக்டோபரில் லெனாப்பேக்காரர்களிடம் துணி, கோட்டு, துப்பாக்கி, கெட்டில், ஈயக்கட்டி, வெடிமருந்து எல்லாம் கொடுத்து நிலத்தை வாங்கியது. நிக்கல்ஸ் அதற்கு முத்திரை போட்டார். உட்பிரிட்ஜ், ராவே, கார்ட்டரெட் எல்லாம் அந்தப் பகுதிக்குள் வரும். 1665 ஆகஸ்டில் ஐயாவின் தூரத்து உறவினர் பிலிப் கார்ட்டரெட், ஏறத்தாழ முப்பது பேரோடு கப்பலில் வந்து இறங்கினார். நான்தான் கவர்னர் என்றார். தோளில் மண்வெட்டியோடு நடந்து வந்தார் என்பது வழிவழியாகச் சொல்லும் கதை. முதல் நாள் மண்வெட்டி. அதற்கப்புறம் யாரும் அதை அவர் தோளில் பார்த்ததாகச் சொல்லவில்லை. இறங்கிய ஊருக்கு அண்ணி முறையிலிருந்தவர் பெயரை வைத்தார்கள்.

ஒரே மனை, இரண்டு பத்திரம். தாம்பரத்துக்கு அப்பால் மனை வாங்கி நொந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. இந்தத் தகராறு எவ்வளவு நாள் நடந்தது? ஐயாவின் வாரிசு உரிமையாளர்கள் 1745இல் எலிசபெத் ஊர்க்காரர்கள் மேல் வழக்குப் போட்டார்கள். ஊரே கலவரமாயிற்று. அமெரிக்கச் சுதந்திரப் போரே வந்துவிட்டது, தீர்ப்பு வரவில்லை.

குடியேறிகளை இழுக்க ஐயாவும் பெர்க்லியும் 1665இல் 'சலுகைகளும் உடன்பாடும்' என்ற சாசனம் வெளியிட்டார்கள். மதச் சுதந்திரம் உண்டு, மக்கள் பிரதிநிதி சபை உண்டு என்றார்கள். நல்ல காரியம்தான், ஐயாவின் வாழ்க்கைச் சரித்திரத்தில் இது எப்படி நுழைந்தது என்று கொஞ்ச நேரம் திகைத்தேன். ஆள் வந்தால்தான் நிலவாடகை வரும் என்பது ஞாபகம் வந்ததும் திகைப்பு தீர்ந்தது. முதல் கவர்னரோடு வருகிற ஒவ்வொரு சுதந்திர ஆணுக்கும் 150 ஏக்கர். அவர் கூட்டிவரும் பலமான வேலைக்காரன் தலைக்கு 150 ஏக்கர். பதினாலு வயதுக்கு மேற்பட்ட பலவீன வேலையாளோ அடிமையோ, ஆணோ பெண்ணோ, தலைக்கு 75 ஏக்கர். சலே துறைமுகத்தில் விலங்கு உடைத்த அதே கை போட்ட கையெழுத்து. மனிதனைக் கொண்டுவந்தால் மண் இலவசம் என்ற இந்தத் திட்டம் வீண்போகவில்லை: வட மாநிலங்களிலேயே அடிமைமுறையைக் கடைசியாக விட்டொழித்த மாநிலம் நியூ ஜெர்சி. 1866 ஜனவரியில், அமெரிக்க உள்நாட்டுப் போர் முடிந்து மாதங்கள் கழித்து, அரசியல் சாசனத்தின் பதின்மூன்றாம் திருத்தத்தை ஏற்றபோது. எதிலாவது நாம் நிதானமாக இருந்திருக்கிறோம் என்று சொல்லிக்கொள்ள ஒன்று இருக்கிறது.

ஏக்கருக்கு அரைப் பென்னி நிலவாடகை. 1670 மார்ச்சிலிருந்து கட்ட வேண்டும் என்றார்கள். கட்ட மாட்டோம் என்றார்கள் எலிசபெத் ஊரார். 1672இல் அவர்களாகவே ஒரு தலைவரைத் தேர்ந்தெடுத்துப் பிலிப்பை ஓரங்கட்டினார்கள். யார் அந்தத் தலைவர்? சாட்சாத் ஐயாவின் மகன் ஜேம்ஸ்! அப்பா கட்சிக்கு எதிராக மகனையே நிறுத்திய அரசியல் சாணக்கியத்தை அந்தக் கொசுக்கடி நிலத்தில் முந்நூற்றைம்பது வருஷத்துக்கு முன்பே செய்து காட்டியிருக்கிறார்கள். ஐயா லண்டனில் உரியவர்களைப் பார்த்து மகனின் ஆட்சியைச் செல்லாததாக்கினார். ரத்தபாசம் வேறு, வாடகை பாக்கி வேறு. அன்று அரைப் பென்னிக்குக் கலவரம் செய்த மாநிலத்தில் இன்று சராசரி வீட்டுவரி ஆண்டுக்கு 9,000 டாலருக்கும் மேல், நாட்டிலேயே அதிகம். ஒருவரும் மூச்சு விடுவதில்லை. நம்மைப் பழக்கிவைத்த புண்ணியம் யாருக்கு என்று சொல்ல வேண்டுமா?

பெர்க்லி 1674இல் தன் பாதியை ஆயிரம் பவுண்டுக்கு விற்றுவிட்டு நடையைக் கட்டினார். 1676இல் கோடு போட்டு மாநிலத்தைக் கிழக்கு, மேற்கு என்று பிரித்தார்கள், கிழக்கு ஐயாவுக்கு. 1680 ஜனவரியில் ஐயா காலமானார். பிரபுப் பட்டம் கைக்கு வர இருந்த நேரம். கடன்களை அடைக்க 1682இல் கிழக்கு ஜெர்சியை ஏலம் விட்டார்கள். வில்லியம் பென்னும் பதினோரு கூட்டாளிகளும் 3,400 பவுண்டுக்கு எடுத்தார்கள். ஒரு மிளகுக்கு வாங்கியதில் பாதிக்கு 3,400 பவுண்டு. மனை வணிகம் செய்யும் நம்மவர்கள் இந்த லாப விகிதத்தைச் சுவரில் ஒட்டி வைக்கலாம். கிழக்கு ஜெர்சி உரிமையாளர் சபை அதற்கப்புறமும் பெர்த் அம்பாயில் கடை விரித்து உட்கார்ந்திருந்தது. எப்போது கலைத்தார்கள் தெரியுமா? 1998இல். ஒய்2கே வேலைக்காக நம்மவர்கள் கூட்டம் கூட்டமாக வந்து இறங்கிய நேரத்தில்கூட, ஐயாவின் பத்திரத்துக்கு உயிர் இருந்தது.

ஜெர்சி தீவில் 2014இல் அவருக்கு வெண்கலச் சிலை வைத்தார்கள். 2020இல் யாரோ அதன்மேல் வெள்ளைப் பெயின்டை ஊற்றிவிட்டார்கள். அப்படியொரு அவமானம் இங்கே நேரக்கூடாது. கார்ட்டரெட் ஊரில் குடோன்களுக்கு நடுவே இடம் கிடைக்கும். எடிசன், ஐசலின், பிஸ்கட்டவே வாழ் தமிழ்ப் பெருமக்கள் சேர்ந்து ஐயாவுக்கு ஆளுயரச் சிலை ஒன்று வைக்க வேண்டும் என்று இதன்மூலம் கேட்டுக்கொள்கிறேன். கல்வெட்டில் அரண்மனைப் பதவிகளையும் போர்ட்ஸ்மத் தொகுதியையும் போட்டால் போதும். 1669ஆம் ஆண்டுக்கு இடமிருக்காது.

நன்கொடை தர விரும்புவோர் ரொக்கமாகவோ செக்காகவோ தயவுசெய்து அனுப்பாதீர்கள். இத்தனை டாலர் தரவேண்டியிருக்கிறது என்று ஒரு சீட்டில் எழுதி, கையெழுத்துப் போட்டு, சிற்பியிடம் நேராகக் கொடுத்துவிடுங்கள். பொருளாளர் பதவியை மட்டும் நானே ஏற்றுக்கொள்கிறேன். பவுண்டுக்கு மூன்று பென்னி போதும்.